ஆஸ்கர் முதலில் ஒரு பிள்ளையின் பெயர்

தமிழில் ஆஸ்கர் என்றாலே விருதுதான். 2009-இல் ஏ.ஆர். ரஹ்மான் இரண்டு சிலைகளை வாங்கிக்கொண்டு, அந்த மேடையிலேயே ‘எல்லாப் புகழும் இறைவனுக்கே’ என்று தமிழில் சொன்ன பிறகு அது நம் வீட்டுப் பேச்சில் கலந்துவிட்டது. பொய்யாக அழுகிற குழந்தையைப் பார்த்து ‘இவனுக்கு ஆஸ்கர் கொடுக்கலாம்’ என்கிறோம். அந்தப் பெயர் எங்கிருந்து வந்தது என்று யாரும் கேட்பதில்லை.

அது அயர்லாந்திலும் ஸ்காட்லாந்தின் மேட்டுநிலத்திலும் பேசப்படும் கேலிக் மொழியில் வழங்கிய பெயர். அந்த மொழியின் பழங்கதைகளில் வரும் ஓர் இளைஞனின் பெயர். தகப்பனுக்கு முன்னால் செத்துப்போன பிள்ளை அவன். தகப்பன் உயிரோடு இருந்து, கண் தெரியாத கிழவனாகி, மகனை நினைத்துப் பாடிக்கொண்டே இருந்தான் என்பது கதை. அந்தப் பாட்டு பாரிஸ் வரை, ஸ்டாக்ஹோம் வரை போனது. கூடவே பெயரும் போனது. பெயர்களின் பூர்வீகம் தேடிப் படிப்பது எனக்கு நெடுநாள் பழக்கம். ஒரு புத்திர சோகம் இவ்வளவு தூரம் ஒரு பெயரைச் சுமந்துபோன கதை வேறொன்று எனக்குத் தெரியாது. அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

கதை ஒரு பெண்மானில் தொடங்குகிறது.

பழைய அயர்லாந்தில் ஃபியானா என்றொரு வீரர் கூட்டம் இருந்ததாகக் கதைகள் சொல்கின்றன. வேட்டையும் போரும்தான் அவர்களுக்கு வாழ்க்கை. தலைவர் ஃபின் மக்கூல். ஒருநாள் வேட்டையில் அவருடைய நாய்கள் ப்ரானும் ஸ்கோலனும் ஒரு மானைத் துரத்திக்கொண்டு ஓடின. ஃபின் போய்ப் பார்த்தால், மான் புல்லில் படுத்திருக்கிறது. நாய்கள் அதைக் கடிக்காமல் முகத்தை நக்கி விளையாடிக்கொண்டிருக்கின்றன. அந்த நாய்களும் சாதாரண நாய்கள் இல்லை. ஃபின்னின் தாயோடு பிறந்தவள் ஒருத்தி முன்பு மந்திரத்தால் நாயாக்கப்பட்டாள். அவள் அந்த உருவில் இருந்தபோது பெற்ற குட்டிகள் இவை. அதனால் மிருக உடம்புக்குள் மனுஷி இருப்பது அவற்றுக்குத் தெரிந்துவிட்டது. அன்றிரவு மான் ஒரு பெண்ணாக ஃபின் முன் வந்து நின்றது. பெயர் சைவ். ஒரு கரிய மந்திரவாதியின் ஆசைக்கு இணங்காததால் அவளை மானாக்கி வைத்திருந்தான். ஃபின்னின் கோட்டைக்குள் இருக்கும்வரை மந்திரம் பலிக்காது.

இருவரும் கணவன் மனைவியாக வாழ்ந்தார்கள். பிறகு ஃபின் போருக்குப் போன நேரத்தில் மந்திரவாதி ஃபின்னின் உருவத்தையே காட்டி அவளை வாசலுக்கு வெளியே வரவழைத்து மறுபடியும் மானாக்கிக் கொண்டுபோய்விட்டான். ஃபின் ஏழு வருஷம் தேடினார். கடைசியில் ஸ்லைகோ பகுதியில் பென் புல்பென் மலைச்சரிவில் துணியில்லாமல் நின்ற ஒரு சிறுவனைக் கண்டார். மற்ற நாய்களை அண்டவிடாமல் ப்ரானும் ஸ்கோலனும் அவனைச் சுற்றி நின்றன. தன்னை ஒரு மான் வளர்த்ததாக அவன் சொன்னான். ஃபின் அவனுக்கு ஓஷீன் என்று பெயர் வைத்தார். ‘ஓஸ்’ என்றால் மான். ஓஷீன் என்றால் மான்குட்டி.

அந்த ஓஷீனின் மகன்தான் ஆஸ்கர். ‘ஓஸ்’ மான், ‘கரா’ நண்பன் அல்லது அன்புக்குரியவன். மானின் தோழன். பாட்டி மான், அப்பா மான்குட்டி, பேரன் மானின் தோழன் என்று மூன்று தலைமுறையும் ஒரே காட்டுக்குள் இருப்பதுபோலத் தோன்றும். இந்தப் பெயருக்கு வேறொரு பிறப்பும் சொல்லப்படுவதுண்டு. அதற்குப் பிறகு வருகிறேன்.

கதைகளில் ஆஸ்கர் ஃபியானாவின் தலைசிறந்த வீரன். அவன் பெயரே பொதுச்சொல் ஆகிவிட்டது. இன்றைய ஐரிஷ் அகராதியிலும் ‘ஆஸ்கர்’ என்பதற்கு வீரன் என்ற பொருள் உண்டு. அதிலிருந்து பிறந்த ‘ஆஸ்கர்தா’ என்றால் வலிமையுள்ள, வீரம் பொருந்திய என்று அர்த்தம். ஆனால் பாடல்கள் அவன் வாழ்ந்ததைவிட அவன் செத்ததைத்தான் அதிகம் பாடியிருக்கின்றன.

அவன் விழுந்தது கவ்ரா போரில். அரசர் கார்ப்ரேவுக்கும் ஃபியானாவுக்கும் கப்பம் பற்றிய சண்டை. ஃபியானாவின் ஆட்டம் அடங்க வேண்டும் என்று அரசர் நினைத்தார். பழைய ஆண்டுக்குறிப்புகள் இந்தப் போரை கி.பி. 284 என்று பதிந்து வைத்திருக்கின்றன. அந்தக் காலத்துக்கு அந்தக் கணக்கை வரலாறாக எடுத்துக்கொள்ள முடியாது என்றாலும், பின்னால் வந்த துறவிகள் இதை நடந்த சம்பவமாகவே நினைத்தார்கள் என்பது தெரிகிறது. களத்தில் ஆஸ்கரும் கார்ப்ரேவும் நேருக்கு நேர் மோதினார்கள். கார்ப்ரேவின் ஈட்டி ஆஸ்கரின் உடம்பில் பாய்ந்தது. ஆஸ்கர் அரசரைக் கொன்றுவிட்டுத்தான் விழுந்தான்.

ஸ்காட்லாந்து மேட்டுநிலத்தில் வாய்வழியாக வந்த பாடல்களில் இந்த இடம் என்னை மிகவும் கலங்கடிக்கும். ஈட்டிக் கழிகளைச் சேர்த்துக் கட்டி ஆஸ்கரைத் தூக்கிக்கொண்டு போகிறார்கள். பக்கத்தில் நாய்கள் ஊளையிடுகின்றன. கிழட்டு வீரர்கள் கதறுகிறார்கள். பெண்கள் மாறி மாறி அழுகிறார்கள். ஆஸ்கர் சொல்கிறான்: காயம் வலிக்கவில்லை, இந்தச் சத்தங்கள்தான் என் நெஞ்சை அறுக்கின்றன. என் மார்புக்குள் சதையாலான இதயம் இருக்கிறது என்று இதுவரை யாரும் நினைத்ததில்லை. முறுக்கிய கொம்பால் செய்து எஃகு போர்த்திய இதயம் என்றுதான் நினைத்திருந்தார்கள். செத்துக்கொண்டிருக்கும் வீரன் தன்னைச் சுற்றி அழுகிறவர்களுக்காக வருத்தப்படுவதை இப்படிப் பாடிய அந்தப் பெயர் தெரியாத புலவரை நான் கும்பிடுகிறேன்.

தாத்தா ஃபின் வாழ்நாளில் இரண்டே முறை அழுததாகச் சொல்வார்கள். ஒருமுறை நாய் ப்ரானுக்காக. இன்னொரு முறை பேரன் ஆஸ்கருக்காக.

ஆஸ்கரின் மனைவி எய்டீன் துக்கம் தாங்காமல் இறந்தாள். டப்ளினுக்கு வடக்கே கடலுக்குள் நீட்டிக்கொண்டிருக்கும் ஹோத் என்ற ஊரில், கோட்டை வளாகத்துக்குள், ரோடோடெண்ட்ரான் செடிகள் மண்டிய மலையடிவாரத்தில் ஒரு கல்திட்டை இருக்கிறது. அதை எய்டீனின் கல்லறை என்கிறார்கள். நான் போனபோது மழை பெய்து ஓய்ந்திருந்தது. பாதையெல்லாம் சேறு. கூரைக்கல் ஒரு பக்கம் சரிந்து, தாங்கிய கற்கள் அதன் பாரத்தில் சாய்ந்து கிடந்தன. இவ்வளவு பெரிய பாறையை மனிதர்கள் தூக்கி வைத்தார்கள் என்று நம்பவே சிரமமாக இருந்தது. கல்லின் அடிப்பக்கம் பாசி, விளிம்பில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. அந்தத் திட்டை கற்காலத்தது. ஆஸ்கர் கதைக்குப் பல ஆயிரம் வருஷம் முந்தியது. பின்னால் வந்த மக்கள், யார் கட்டியது என்று தெரியாத அந்தக் கல்லறையை, அழுது செத்த ஒருத்திக்குக் கொடுத்துவிட்டார்கள். எனக்கு அது சரியென்றே பட்டது.

ஓஷீன் மட்டும் மிஞ்சினான். நீவ் என்ற தேவகன்னிகை அவனைக் குதிரையில் ஏற்றிக் கடலுக்கு அப்பால் முதுமையில்லாத நாட்டுக்குக் கூட்டிப்போனாள். 18-ஆம் நூற்றாண்டில் ஐரிஷ் மொழியில் எழுதப்பட்ட பாடலில் ஒரு விவரம் வருகிறது. அந்த நாட்டில் அவர்களுக்கு இரண்டு ஆண், ஒரு பெண் என மூன்று குழந்தைகள். ஆண் பிள்ளைகளின் பெயர் ஃபின், ஆஸ்கர். சாவே இல்லாத ஊருக்குப் போன பிறகும், போரில் பறிகொடுத்த மகனின் பெயரையே புதிதாகப் பிறந்தவனுக்கு வைத்துக் கூப்பிட்டிருக்கிறான். கதையில் இது ஒரு வரிதான். எனக்கு அதைத் தாண்டிப் போக முடியவில்லை.

மூன்று வருஷம் என்று நினைத்துத் திரும்பி வந்தால் ஊரில் முந்நூறு வருஷம் கடந்துவிட்டது. மண்ணில் கால் பட்டதும் ஓஷீன் பார்வையற்ற கிழவனாகிவிட்டான். அயர்லாந்து கிறிஸ்தவ நாடாகியிருந்தது. புனித பேட்ரிக் அவனுக்கு ஞானஸ்நானம் கொடுத்துக் கரையேற்றப் பார்க்கிறார். இருவரும் வாக்குவாதம் செய்வதாக ஏராளமான பாடல்கள் உண்டு. பேட்ரிக் கடவுளின் வல்லமையைச் சொல்லச் சொல்ல, கிழவன் பதில் சொல்கிறான்: ஃபியானாக்களின் குன்றில் என் மகன் ஆஸ்கரும் உங்கள் கடவுளும் கைகலக்கட்டும். அதில் ஆஸ்கர் கீழே விழுந்து கிடப்பதை நான் பார்த்தால், அப்போது ஒப்புக்கொள்கிறேன், கடவுள் பலசாலிதான் என்று.

இதைச் சிரிப்புக்காகச் சொல்கிறவர்கள் உண்டு. நான் அப்படிப் படிக்கவில்லை. கண்ணில்லாத கிழவன், மகன் செத்து முந்நூறு வருஷத்துக்குப் பிறகும், என் பிள்ளையை யாராலும் வீழ்த்த முடியாது என்கிறான்.

இந்தப் பாடல்கள் அயர்லாந்திலிருந்து ஸ்காட்லாந்து வரை ஒரே உடைமையாக இருந்தன. இரண்டு கரையிலும் ஒரே மொழி, ஒரே புலவர் மரபு. ஸ்காட்லாந்தில் பெர்த்ஷையர் பக்கம் ஜேம்ஸ் மெக்கிரிகோர் என்ற பாதிரியாரும் அவருடைய சகோதரரும் 1512-லிருந்து 1542 வரை ஒரு பெரிய சுவடியைத் தொகுத்தார்கள். லிஸ்மோர் டீன் நூல் என்று அதற்குப் பெயர். ஆஸ்கரின் சாவைப் பாடும் பாடலும் அதில் இருக்கிறது. இந்தத் தேதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கொஞ்ச நேரத்தில் தேவைப்படும்.

அப்புறம் ஜேம்ஸ் மெக்ஃபெர்சன் வருகிறார்.

1736-இல் பிறந்தவர். ஊர் ஸ்காட்லாந்தில் பேடனாக் பகுதியின் ரூத்வென். அவருக்கு ஒன்பது வயதாக இருக்கும்போது கலோடன் போர் நடந்து மேட்டுநில மக்களின் கிளர்ச்சி நசுக்கப்பட்டது. தோற்று ஓடிவந்தவர்கள் கடைசியாகக் கூடியது அவருடைய ஊரில்தான். அதன்பின் அரசாங்கம் அவர்களுடைய ஆயுதத்தைப் பிடுங்கியது, உடையைத் தடை செய்தது. கேலிக் பேசுவதே காட்டுமிராண்டித்தனம் என்று நகரத்துக்காரர்கள் நினைத்த காலம். இந்தச் சிறுவன் வளர்ந்து, ஆபர்டீனில் படித்து, வாத்தியாராக இருந்தபோது, 1759-இல் மாஃபட் என்ற ஊரில் ஜான் ஹோம் என்ற நாடகாசிரியரைச் சந்தித்தார். கேலிக் தெரியாத ஹோம், பழைய பாட்டு ஏதாவது மொழிபெயர்த்துக் காட்டு என்று வற்புறுத்தினார். மெக்ஃபெர்சன் தயங்கித் தயங்கி எழுதிக் கொடுத்தது ஆஸ்கரின் சாவு.

ஐரோப்பாவை ஆட்டிவைத்த ஓசியான் மோகம் முழுதும் அந்த ஒரு தாளிலிருந்து தொடங்கியது. ஓசியான் என்பது ஓஷீனுக்கு மெக்ஃபெர்சன் வைத்த உருவம். 1760-இல் எடின்பரோவில் துண்டுப் பாடல்கள் அச்சாயின. அடுத்த சில வருஷங்களில் இரண்டு பெரிய காவியங்கள் வந்தன. எல்லாம் ஆங்கில உரைநடையில், ஓசியான் என்ற பழம்புலவன் பாடியதன் மொழிபெயர்ப்பு என்ற முகவரியோடு.

சிக்கல் என்னவென்றால், அவர் முதலில் எழுதிக் கொடுத்த அந்தக் கதை மரபில் இல்லை. அதில் ஆஸ்கரும் நண்பன் டெர்மிட்டும் ஒரே பெண்ணை நேசிக்கிறார்கள். நண்பன் கேட்டுக்கொண்டபடி வாட்போரில் அவனைக் கொன்றுவிட்டு, துக்கத்தில் தந்திரம் செய்து அந்தப் பெண் கையால் அம்பு வாங்கி ஆஸ்கர் சாகிறான். கவ்ரா இல்லை, கார்ப்ரே இல்லை, தாத்தாவின் அழுகையும் இல்லை. பிந்திய காவியத்தில் அவரே இதை மாற்றி, கார்ப்ரேவின் கையால் சாக வைத்தார். அங்கே மரபுக்குப் பக்கத்தில் வருகிறார். ஆஸ்கருக்குக் காதலியாக மால்வினா என்ற பெண்ணையும் தானாகவே படைத்தார். மகனை இழந்த மாமனாருக்குத் துணையாக இருந்து பாட்டுக் கேட்கும் மருமகள் போன்ற பாத்திரம். ஐரோப்பாவில் பல பெண் குழந்தைகளுக்கு அந்தப் பெயர் போய்ச் சேர்ந்தது.

லண்டனில் ஆங்கில அகராதி எழுதிய சாமுவேல் ஜான்சன் கொதித்தெழுந்தார். எல்லாம் மோசடி என்றார். அதோடு நிறுத்தியிருந்தால் பாதி சரி. தன் 1775 பயண நூலில் அவர் ஒரு படி மேலே போய், கேலிக் என்பது ஒருபோதும் எழுதப்பட்ட மொழியே இல்லை, நூறு வருஷம் பழைய கையெழுத்துப் படி உலகத்தில் ஒன்றுகூடக் கிடையாது என்று எழுதினார். லிஸ்மோர் டீன் நூலுக்கு அப்போது இருநூறு வயது தாண்டியிருந்தது. அயர்லாந்தின் சுவடிகள் அதற்கும் பல நூற்றாண்டு மூத்தவை. ஜான்சனுக்குக் கேலிக் ஓர் எழுத்துகூடத் தெரியாது. ஆங்கிலத்தில் பொய் சொன்னவர் ஒருவர் என்பதற்காக, சொல்லப்பட்ட மொழிக்கே ஏடு கிடையாது என்று தீர்ப்பு எழுதிய அந்தத் துணிச்சலை என்னால் இன்றும் மன்னிக்க முடியவில்லை. மெக்ஃபெர்சன் செய்தது தப்பு. ஆனால் அவர் கையில் உண்மையான பாடல்கள் இருந்தன, அவற்றை வெட்டி ஒட்டி ஊதிப் பெருக்கினார் என்பதை டெரிக் தாம்சன் என்ற அறிஞர் 1952-இல் பாடல் பாடலாக எடுத்து நிரூபித்துவிட்டார்.

இந்த மெக்ஃபெர்சனுக்கும் சென்னைக்கும் ஒரு தொடர்பு உண்டு, அது நம்மில் பலருக்குத் தெரியாது. அவருடைய உறவினரும் நண்பருமான ஜான் மெக்ஃபெர்சன் 1767-இல் கப்பல் கணக்கராக மதராஸுக்கு வந்து, ஆற்காடு நவாப் முகமது அலி வாலாஜாவின் நம்பிக்கையைப் பிடித்து, லண்டனில் நவாபுக்காகப் பேசும் ஆளாகத் திரும்பிப் போனார். பின்னால் வங்காளத்தின் தற்காலிக கவர்னர் ஜெனரலாகவும் இருந்தார். அவர் 1781-இல் இந்தியாவுக்குப் பதவியேற்க வந்ததும், லண்டனில் நவாபின் ஏஜெண்ட் வேலை ஜேம்ஸ் மெக்ஃபெர்சனுக்கு வந்தது. அவர் அப்போது பாராளுமன்ற உறுப்பினர். நவாபின் தரப்பைப் பேசும் எழுத்துகளை அதற்கு முன்பே எழுதியிருந்தார்.

சேப்பாக்கம் அரண்மனை அந்த நவாபுக்காக 1768-இல் கட்டியது. மெரினா பக்கம் போகும்போது வாலாஜா சாலையில் அந்தச் செங்கல் நிறக் கோபுரத்தைப் பார்க்காத சென்னைக்காரர் இல்லை. நவாப் தலைக்கு மேல் கடன் வாங்கினார். கொடுத்தவர்கள் கம்பெனி வெள்ளைக்காரர்கள். ஈடாக எழுதிக் கொடுத்தது கர்நாடகப் பிரதேசத்தின் நிலவரி, அதாவது நம் பக்கத்து உழவர்களின் விளைச்சல். 1785 பிப்ரவரியில் எட்மண்ட் பர்க் பாராளுமன்றத்தில் இந்தக் கடன்களைக் கிழித்துத் தொங்கவிட்டு நெடிய உரை ஆற்றினார். இப்படிப்பட்ட நவாபுக்கு லண்டனில் வாய் கொடுத்தவர்தான் ஆஸ்கரை ஐரோப்பாவுக்குக் கொண்டுபோனவர். அவர் பிறந்த பேடனாக்கில் பலவில் என்று ஒரு மாளிகை கட்டிக்கொண்டார். 1796-இல் இறந்ததும் அவர் விரும்பியபடியே, தன் செலவிலேயே, வெஸ்ட்மின்ஸ்டர் ஆபியில் புதைக்கப்பட்டார். ஜான்சனும் அங்கேதான் இருக்கிறார்.

இனி பெயர் கடல் தாண்டிய கதை. ஓசியான் பாடல்கள் 1763-இல் இத்தாலியனுக்கும், 1777-இல் பிரெஞ்சுக்கும் போயின. நெப்போலியன் அவற்றின் தீவிர ரசிகர். போர்முனைக்கும் கையோடு கொண்டுபோவார். மால்மேசன் மாளிகைக்கு ஓசியான் ஓவியங்கள் வரையச் சொன்னார். அவருடைய தளபதி பெர்னடோட்டுக்கும் டெசிரே கிளாரிக்கும் 1799 ஜூலை 4 அன்று பாரிஸில் மகன் பிறந்தான். டெசிரே ஒருகாலத்தில் நெப்போலியனுக்கு நிச்சயித்த பெண். அவளுடைய அக்காள் நெப்போலியனின் அண்ணன் மனைவி. குழந்தைக்கு ஞானத்தகப்பன் அந்த அண்ணன் ஜோசப். ஜோசப் ஃபிரான்சுவா ஆஸ்கர் என்று பெயர் வைத்தார்கள். அதில் ஆஸ்கர் நெப்போலியனின் விருப்பம் என்று சொல்வார்கள்.

1810-இல் வாரிசு இல்லாத சுவீடன், பெர்னடோட்டைப் பட்டத்து இளவரசராகத் தேர்ந்தெடுத்தது. அடுத்த வருஷம் சிறுவன் ஆஸ்கர் அம்மாவோடு ஸ்டாக்ஹோமுக்கு வந்தான். அப்பாவுக்குக் கடைசிவரை சுவீடிஷ் வசப்படவில்லை, பையன் சீக்கிரமே பேசக் கற்றுக்கொண்டு அப்பாவுக்கு மொழிபெயர்த்துச் சொன்னான். 1844-இல் அவன் முதலாம் ஆஸ்கர், சுவீடனுக்கும் நார்வேக்கும் அரசர். அவருடைய மகன்களில் ஒருவர் இரண்டாம் ஆஸ்கர், 1872-லிருந்து 1907 வரை. அரசர் பெயர் என்றானதும் சுவீடனில் வீட்டுக்கு வீடு ஆஸ்கர். ஓஸ்கர்ஸ்ஹாம்ன் என்று ஒரு துறைமுகம்கூட உண்டு. இலக்கிய நோபல் பரிசு பெற்ற முதல் பெண்மணி செல்மா லாகர்லோஃபின் ‘செல்மா’வும் மெக்ஃபெர்சன் பாடல்களிலிருந்து வந்ததே. சுவீடிஷ் காலண்டரில் ஒவ்வொரு நாளும் சில பெயர்களுக்கு உரியது. டிசம்பர் 1 ஆஸ்கரின் நாள். அதே நாளில் அச்சாகும் இன்னொரு பெயர் ஓசியான். அப்பாவையும் பிள்ளையையும் ஒரே தேதியில் சேர்த்துவைத்த அந்தக் காலண்டர்காரர் விவரம் தெரிந்தவர்.

ஆஸ்லோவுக்குக் கடல்வழியாகப் போகும் குறுகிய வாயிலில், த்ரோபாக் அருகே, சிறு தீவுகளில் ஒரு கோட்டை இருக்கிறது. 1855-இல் முதலாம் ஆஸ்கர் வந்து பார்த்த பிறகு அதற்கு ஓஸ்கர்ஸ்போர்க் என்று பெயர் வந்தது. 1940 ஏப்ரல் 9 விடியற்காலையில், நாஜி ஜெர்மனியின் புத்தம்புதிய போர்க்கப்பல் ப்ளூஹர் படைவீரர்களோடு ஆஸ்லோவைப் பிடிக்க அந்த வாயிலுக்குள் நுழைந்தது. கோட்டையில் இருந்தவை மோசே, ஆரோன், யோசுவா என்று செல்லப்பெயர் கொண்ட பழைய பீரங்கிகள். கமாண்டர் பிர்கர் எரிக்சன் சுட உத்தரவிட்டார். இரண்டு குண்டுகள், பிறகு டார்பிடோ. கப்பல் மூழ்கியது. அந்தச் சில மணி நேரத் தாமதத்தில் அரசர் ஏழாம் ஹாகோனும் அமைச்சர்களும், நாட்டின் தங்கமும் ஆஸ்லோவை விட்டுத் தப்பின. ஹாகோனின் தாய் லூயிஸ், முதலாம் ஆஸ்கரின் பேத்தி. அதாவது கொள்ளுத்தாத்தாவின் பெயர் தாங்கிய கோட்டைதான் கொள்ளுப்பேரனைக் காப்பாற்றியது.

அயர்லாந்துக்கு இந்தப் பெயர் திரும்பி வந்தது முதலாம் ஆஸ்கர் அரசராக இருந்த காலத்தில்தான். 1854-இல் டப்ளினில் பிறந்தார் ஆஸ்கர் வைல்ட். அப்பா வில்லியம் வைல்ட் புகழ்பெற்ற கண், காது மருத்துவர். பழம்பொருளும் நாட்டார் கதையும் சேகரித்தவர். அம்மா ஜேன், தேசியக் கவிஞர். குழந்தைக்கு ஆஸ்கர் ஃபிங்கல் என்று பெயர் வைக்கப்போவதாக ஒரு கடிதத்தில் எழுதிவிட்டு, கம்பீரமாக, பனிமூட்டமாக, ஓசியான் பாடல்போல இல்லையா என்று கேட்டிருக்கிறார். ஃபிங்கல் என்பது மெக்ஃபெர்சன் ஃபின்னுக்கு வைத்த பெயர். பேரனும் தாத்தாவும் ஒரே குழந்தையின் பெயரில் வந்துவிட்டார்கள். சுவீடன் அரசர்தான் ஞானத்தகப்பன் என்று ஒரு கதை இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. அம்மாவின் அந்தக் கடிதமே போதும், அந்தக் கதை தேவையில்லை. 

வைல்ட் வளர்ந்து பெரிய ஆளானபோது, தன் ஐந்து பெயர்களில் மூன்றைத் தூக்கிப் போட்டுவிட்டதாகவும், சீக்கிரம் இன்னொன்றையும் போட்டுவிட்டு வெறும் ‘வைல்ட்’ என்றோ ‘ஆஸ்கர்’ என்றோ அறியப்படப் போவதாகவும் சொன்னார். 1895-இல் எல்லாம் இடிந்தது. ஆணை நேசித்ததற்காக இரண்டு வருஷம் கடுங்காவல். ஓடிக்கொண்டிருந்த அவருடைய நாடகத்தின் விளம்பரத்திலிருந்து பெயரை எடுத்தார்கள். படித்த பள்ளியின் கௌரவப் பலகையிலிருந்து அழித்தார்கள், பல வருஷம் கழித்துத்தான் மறுபடி பொன்னெழுத்தில் எழுதினார்கள். மனைவியும் இரண்டு மகன்களும் குடும்பப் பெயரை மாற்றிக்கொண்டார்கள். ரெடிங் சிறையில் அவர் பெயர் சி.3.3. சி பிரிவு, மூன்றாவது தளத்தில் மூன்றாவது அறை என்று அர்த்தம். சிறையைப் பற்றி அவர் எழுதிய நீள்கவிதை 1898-இல் அந்த எண்ணின் பெயரில்தான் வெளியானது. ஏழாவது பதிப்பில்தான் ஆஸ்கர் என்ற பெயர் அதில் சேர்ந்தது. இங்கிலாந்தில் பிறந்த குழந்தைகளுக்கு அந்தப் பெயரை வைக்கத் தயங்கிய காலம் ஒன்று இருந்தது. அம்மா அவ்வளவு ஆசையாக வைத்த பெயரை ஒரு நாடே சேர்ந்து வாயில் எடுக்காமல் விட்டதை நினைத்தால் நெஞ்சு கனக்கிறது. அவர் சிறையில் இருக்கும்போதே அந்த அம்மாவும் இறந்துபோனார்.

அமெரிக்க விருதுக்கு இந்தப் பெயர் எப்படி வந்தது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம், அதில் பெரிய ஆழம் இல்லை. முதல் விழா 1929-இல். அகாடமியின் நூலகர் மார்கரெட் ஹெரிக், சிலையைப் பார்த்ததும் தன் உறவுக்காரர் ஆஸ்கரைப்போல இருக்கிறது என்று சொன்னதாக ஒரு கதை. பத்திரிகைகள் பிடித்துக்கொண்டன. 1939-இல் அகாடமி அந்தச் செல்லப்பெயரை ஏற்றுக்கொண்டது. சிலையில் இருப்பவர் இரண்டு கையாலும் வாளைப் பிடித்து நிற்கும் வீரர். கவ்ராவை நினைத்து யாரும் அதை வடிக்கவில்லை. எனக்குத்தான் அதைப் பார்க்கும்போதெல்லாம் வேறொருவன் நினைவு வருகிறது. விமானிகளும் மாலுமிகளும் ஓ என்ற எழுத்தை வானொலியில் ‘ஆஸ்கர்’ என்று சொல்கிறார்கள். அந்த எழுத்துக்குரிய சிவப்பு மஞ்சள் கொடி கப்பலில் ஏறினால், ஆள் கடலில் விழுந்துவிட்டான் என்று பொருள்.

இப்போது அந்த இன்னொரு பிறப்பு. பெயர் அகராதிகள் சிலவற்றில் ஆஸ்கர் என்பது கேலிக் பெயரே இல்லை, வடகடல் வீரர்களான வைக்கிங்குகள் பேசிய பழைய நார்ஸ் மொழியின் ‘ஆஸ்கெய்ர்’, அதாவது தெய்வ ஈட்டி, அல்லது பழைய ஆங்கிலத்தின் ‘ஓஸ்கார்’ என்பதிலிருந்து வந்தது என்று போட்டிருக்கும். வைக்கிங்குகள் 795 முதல் அயர்லாந்துக் கரைகளில் இறங்கினார்கள், டப்ளினிலேயே தங்கிக் குடும்பம் நடத்தினார்கள். ஆகவே அப்படிப் பெயர் கைமாறியிருக்க வாய்ப்பு இல்லாமல் இல்லை. இது சரியென்றால், நார்வேயிலிருந்து ஈட்டியோடு போன பெயர் அயர்லாந்தில் ஒரு மகனாகி, ஸ்காட்லாந்தில் பாட்டாகி, பாரிஸில் பிறந்த குழந்தையின் வழியாக மறுபடி வடக்கே வந்து சேர்ந்திருக்கிறது. ஆனால் சுவீடன்காரர்கள் தங்கள் ஆஸ்கரை வைக்கிங் சொத்து என்று சொன்னால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். பழைய ஆஸ்கெய்ர் ஸ்காண்டிநேவிய நாடுகளில் தன் வழியில் ஆஸ்கெர், ஆஸ்கெய்ர் என்று தனியாக இன்றும் இருக்கிறது. 2016 மார்ச்சில் பட்டத்து இளவரசி விக்டோரியாவுக்குப் பிறந்த மகனுக்கு வைத்த ஆஸ்கர், அந்த வழியில் வரவில்லை. ஓஷீனின் ஒப்பாரி வழியில் வந்தது. எனக்கு மான் பக்கம்தான் சாய்வு. சொல்லிலக்கணத்தைவிட அந்தக் குடும்பத்தைப் பார்த்துச் சொல்கிறேன். மானாக மாறிய பாட்டிக்கும் மான்குட்டி என்ற அப்பாவுக்கும் பேரனாகப் பிறந்தவனைக் கதை சொன்னவர்களும் கேட்டவர்களும் மானின் தோழன் என்றுதான் புரிந்துகொண்டிருப்பார்கள்.